தன் இடத்துக்கு வந்தவனுக்குக் கற்றுக்கொடுத்தவர்

அன்பு மக்களே,

போனில் பேசினால் பாதி நேரம் பேரன் அழுகையில் போகிறது, மீதி நேரத்தில் உன் பஸ் வந்துவிடுகிறது. அதனால் எழுதுகிறேன். அப்பா நலம். சர்க்கரை கட்டுக்குள் இருக்கிறது என்று அவரே சொல்லிக்கொள்கிறார். சந்தைக்குப் பலாப்பழம் வந்த நாளிலிருந்து நான் அதை நம்புவதில்லை.

வார்டில் புதிதாகச் சேர்ந்த பெண்ணுக்கு உன்னை வேலை பழக்கச் சொல்லியிருக்கிறார்கள், அவள் பழகி முடித்ததும் நீ காத்திருந்த பொறுப்பு அவளுக்கே போனாலும் போய்விடும் என்றாய். “எனக்குப் பதிலா வரப்போறவளுக்கு நானே எதுக்கும்மா சொல்லிக் கொடுக்கணும்?” என்று கேட்டாய். அன்றைக்கு ஏதோ சமாதானம் சொல்லி வைத்தேன். அப்புறம் யோசித்தால், இதே கேள்வி இங்கிலாந்தில் நீ குடியிருக்கும் அதே பிர்கன்ஹெட்டில் பிறந்த ஒருவர் முன்னால் வந்து நின்றிருக்கிறது. பி.டி. டீச்சருக்கு மகளாகப் பிறந்துவிட்டு, கால்பந்து என்றாலே கொட்டாவி விடுகிறவள் நீ. இந்த ஒருமுறை பொறுத்துக்கொள்.

கால்பந்து ஆட்டக்காரர், பெயர் வில்லியம் ரால்ஃப் டீன். ஊரெல்லாம் டிக்ஸி டீன் என்றது. அவருக்கு அந்தப் பட்டப்பெயர் பிடிக்காது, பில் என்று கூப்பிடுவதைத்தான் விரும்பினார். நான் டீன் என்றே எழுதிவிடுகிறேன், யாருக்கும் மனக்கசப்பு வேண்டாம். 1907 ஜனவரி 22-ல் பிறந்தார். அப்பா ரயில் எஞ்சின் ஓட்டுநர். பையனும் பள்ளி முடித்ததும் ரயில்வேயில் ஃபிட்டர் வேலை பழகப் போனான். மற்றவர்கள் வேண்டாம் என்று ஒதுக்கிய இரவு ஷிஃப்டை இவன் கேட்டு வாங்கிக்கொண்டானாம், பகலில் பந்து விளையாடலாமே என்று. நைட் டூட்டி பார்க்கிற உனக்கு அதன் அருமை தெரியும்.

முதலில் உள்ளூர் டிரான்மியர் ரோவர்ஸ் அணி. லீக்கின் மூன்றாம் டிவிஷனில் (முதல் டிவிஷன்தான் உச்சம்) கிடந்த சின்ன கிளப். அங்கே 30 லீக் ஆட்டங்களில் 27 கோல். பெரிய கிளப்கள் எல்லாம் வந்து எட்டிப் பார்த்தன. 1925 மார்ச்சில் லிவர்பூல் நகரத்து எவர்ட்டன் கிளப் 3000 பவுண்டு கொடுத்து வாங்கியது. எட்டு வயதில் அப்பா கையைப் பிடித்துக்கொண்டு மெர்சி ஆற்றைக் கடந்து போய்ப் பார்த்த அணி அது. எவர்ட்டன் செயலாளர் ஓட்டலில் காத்திருக்கிறார் என்ற செய்தி வந்ததாம். கேட்டதும் ஓட்டலுக்கு ஓட்டமாகவே ஓடியிருக்கிறார்.

இந்த விற்பனையில் ஒரு துணைக் கதை உண்டு. தன்னை விற்ற பணத்தில் பெற்றோருக்கு 300 பவுண்டு வரும் என்று பையன் நம்பியிருந்தான். கிளப் கொடுத்தது 30 பவுண்டு. அவருடைய அம்மா அதை அப்படியே பிர்கன்ஹெட் மருத்துவமனைக்குக் கொடுத்துவிட்டார் என்று சொல்வார்கள். எனக்கு அந்த அம்மாளைப் பிடித்துப்போனது. கொடுத்த காசை முகத்தில் விட்டெறியாமல், உபயோகமான இடத்தில் கொண்டுபோய் வைத்திருக்கிறார்.

அவர் எவர்ட்டனுக்கு வந்த அந்த வருஷமே ஆஃப்சைடு விதியை மாற்றினார்கள். கொட்டாவி விடாதே, சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். அதுவரை பந்து வாங்கப் போகிற ஆளுக்கும் கோல் கோட்டுக்கும் நடுவில் எதிரணி ஆட்கள் மூன்று பேர் இருக்க வேண்டும், இல்லாவிட்டால் ஆஃப்சைடு என்று ஆட்டத்தை நிறுத்திவிடுவார்கள். 1925-ல் அதை இரண்டு பேர் என்று குறைத்தார்கள். முதல் டிவிஷனில் முந்தின சீசனில் மொத்தம் விழுந்தவை 1192 கோல். அடுத்த சீசனில் 1703. தடுப்பாட்டக்காரர்கள் எங்கே நிற்பது என்று தெரியாமல் முழித்த காலம். டீன் போட்டதெல்லாம் அந்த விதி கொடுத்த கோல்கள்தான் என்று முகத்தைச் சுளிக்கிறவர்கள் இன்றும் உண்டு. விதி எல்லாருக்கும் ஒன்றுதானே? டீன் மாதிரி முன்னால் நடுவில் நின்று கோல் அடிக்கிற சென்டர் ஃபார்வர்டுகள் இருபது இருபத்திரண்டு பேர் ஒவ்வொரு சனிக்கிழமையும் அதே விதியில்தான் ஆடினார்கள்.

1926 கோடையில் வட வேல்ஸ் பக்கம் மோட்டார் சைக்கிளில் போகும்போது விபத்து. வயது 19. மண்டை ஓட்டில் முறிவு, தாடையிலும் முறிவு. பிழைத்தாலும் இனி பந்து விளையாட முடியாது என்றார்கள் டாக்டர்கள். இதில் உனக்கு என்னைவிட அதிகம் தெரியும்: 1926-ல் ஸ்கேன் கிடையாது, பென்சிலின் கிடையாது. அந்த இலையுதிர் காலத்திலேயே அவர் திரும்ப மைதானத்தில் இறங்கிவிட்டார். தலையில் இரும்புத் தகடு வைத்திருக்கிறார்கள், அதனால்தான் அப்படி முட்டுகிறார் என்று ஊரில் ஒரு கதை கட்டினார்கள். அப்படி எதுவும் இல்லை.

அவர் கோல்களில் பெரும்பங்கு தலையால் அடித்தவை. ஆள் ஆறடிகூடக் கிடையாது. அந்தக் காலத்துப் பந்து தடித்த தோலில் தைத்து, வாயைக் கயிறு போட்டுக் கட்டியது. மழையில் தண்ணீர் குடித்துக் கனத்துவிடும். கயிறு இருக்கும் பக்கம் நெற்றியில் பட்டால் தோல் கிழியும். அதைத்தான் எகிறி, கழுத்தைத் திருப்பி, கோல்கீப்பர் நிற்காத மூலைக்கு அனுப்பினார். நம்ம ஊர்ப் பிள்ளைகளுக்கு ஹெட் அடிக்கச் சொல்லிக் கொடுக்கும்போது நான் படாத பாடு பட்டிருக்கிறேன். பந்து கிட்டே வந்ததும் எல்லாம் கண்ணை மூடிக்கொள்ளும். மண்டை உடைந்து சில மாசமே ஆன ஒருவர் கண்ணைத் திறந்துகொண்டு எகிறியிருக்கிறார் என்பதுதான் எனக்கு அவர் பிறகு ஒரே சீசனில் அடித்த 60 கோலைவிடப் பெரிய ஆச்சரியம்.

அந்த 60-ஐயும் சொல்லத்தான் வேண்டும். 1926-27-ல் மிடில்ஸ்பரோவின் ஜார்ஜ் கேம்செல் இரண்டாம் டிவிஷனில் 59 கோல் அடித்து லீக் சாதனை வைத்தார். அடுத்த சீசனிலேயே டீன் அதைத் துரத்தினார். மூன்று ஆட்டம் மிச்சம் இருக்கும்போது 60-க்கு இன்னும் ஒன்பது கோல் வேண்டும். ஆஸ்டன் வில்லாவுக்கு எதிராக இரண்டு, பர்ன்லிக்கு எதிராக நான்கு. கடைசி ஆட்டம் 1928 மே 5, எவர்ட்டனின் அன்றைய சொந்த மைதானமான குடிசன் பார்க்கில் ஆர்சனலோடு. எவர்ட்டன் ஏற்கெனவே சாம்பியன் ஆகிவிட்டதால் வந்த கூட்டம் முழுக்க இந்த ஒரு கணக்குக்காக வந்த கூட்டம். ஆரம்பத்திலேயே ஒன்று, பிறகு பெனால்டியில் ஒன்று. அதன்பின் நேரம் போகிறது, போகிறது, கோல் வரவில்லை. ஆட்டம் முடிகிற தறுவாயில் அலெக் ட்ரூப் ஒரு கார்னர் எடுத்தார். டீன் தலையால் உள்ளே தள்ளினார். ஆட்டம் 3-3 டிரா. அது யாருக்கும் நினைவில் இல்லை.

39 ஆட்டங்களில் 60 கோல். அணி மொத்தமாக அடித்தது 102. இன்றைக்கு வரை அந்த லீக்கின் உச்ச டிவிஷனில் யாரும் கிட்டே வரவில்லை. மான்செஸ்டர் சிட்டியின் ஹாலண்ட் 2022-23-ல் 36 அடித்ததற்கே உலகம் அண்ணாந்து பார்த்தது.

ட்ரூப்பை விட்டுவிட்டு 60-ஐப் பேசுகிறவர்களை எனக்குப் பிடிக்காது. ஸ்காட்லாந்துக்காரர், மைதானத்தின் ஓரமாக ஓடிப் பந்து அனுப்புகிற குள்ளமான விங்கர், அடிக்கடி காறை எலும்பு விலகிவிடும். தோளைக் கட்டுப் போட்டு இறுக்கிக்கொண்டு ஆடுவார். அப்படி ஓடித்தான் டீன் தலைக்குப் பந்து அனுப்பிக்கொண்டிருந்தார். கேம்செல்லும் பாவம்தான். 59 அடித்த பெருமை ஒரே வருஷத்தில் போய்விட்டது. இங்கிலாந்துக்காக அவர் ஆடியது ஒன்பதே ஆட்டம், அடித்தது 18 கோல். டீன் அடித்ததும் அதே 18தான், ஆனால் 16 ஆட்டத்தில். இதைச் சொன்னால் எவர்ட்டன்காரர்கள் பேச்சை மாற்றிவிடுவார்கள்.

அப்புறம் ஏற்ற இறக்கம். 1930-ல் எவர்ட்டன் கடைசி இடத்துக்குப் போய் இரண்டாம் டிவிஷனுக்கு இறங்கியது. டீன் கிளப்பை விட்டுப் போகவில்லை. அடுத்த வருஷம் 39 கோல் அடித்து மேலே கொண்டுவந்தார். மேலே வந்த முதல் வருஷமே, 1931-32-ல், 45 கோல் அடித்து அணியைச் சாம்பியன் ஆக்கினார். அதற்கடுத்த வருஷம் எஃப்.ஏ. கோப்பை. 1933 ஏப்ரலில் வெம்ப்ளியில் மான்செஸ்டர் சிட்டியை 3-0 என்று வென்றார்கள், ஒரு கோல் அவருடையது, கோப்பை வாங்கிய கேப்டனும் அவர். எஃப்.ஏ. கோப்பை இறுதியாட்டத்தில் ஆட்டக்காரர்களின் சட்டையில் எண் போட்டது அதுதான் முதல்முறை. எவர்ட்டனுக்கு 1 முதல் 11, சிட்டிக்கு 12 முதல் 22. டீன் முதுகில் 9.

சம்பளம் எவ்வளவு என்று கேள். சீசனில் வாரம் 8 பவுண்டு, கோடையில் 6. அதற்கு மேல் எந்த ஆட்டக்காரருக்கும் கொடுக்கக் கூடாது என்று லீக் உச்சவரம்பு வைத்திருந்தது. 60 கோல் அடித்தவருக்கும் அதே எட்டு, அந்த வருஷம் பத்தே கோல் அடித்தவருக்கும் அதிகபட்சம் அதே எட்டு. வேறு கிளப்புக்குப் போகிறேன் என்றும் சொல்ல முடியாது. ஒப்பந்தம் முடிந்த பிறகும் கிளப் விட்டால்தான் உண்டு. அந்த உச்சவரம்பை எடுக்கவே 1961 ஆகிவிட்டது. ஒரு தொழிலாளி கூலியோடு பார்த்தால் எட்டு பவுண்டு நல்ல காசுதான், மறுக்கவில்லை. ஆனால் சனிக்கிழமைதோறும் நுழைவுச்சீட்டு வாங்கி உள்ளே வந்த நாற்பதாயிரம் பேரின் காசு எங்கே போயிற்று?

சரி, நான் சொல்ல வந்த இடத்துக்கு வருகிறேன்.

1936 கடைசி நாளில் எவர்ட்டன் பர்ன்லியிலிருந்து ஒரு பையனை 6500 பவுண்டுக்கு வாங்கியது. டாமி லாட்டன், வயது 17, சென்டர் ஃபார்வர்டு. அந்த வயதுப் பையனுக்கு அதுவரை யாரும் அவ்வளவு கொடுத்ததில்லை. டீனுக்கு முப்பது ஆக மூன்று வாரம்தான் பாக்கி. கணுக்காலிலும் முழங்காலிலும் எத்தனையோ உதை வாங்கிய உடம்பு, நடுவில் ஒரு சீசன் பெரும்பாலும் காயத்திலேயே போனது. எதற்காக அந்தப் பையனை வாங்கியிருக்கிறார்கள் என்று யாரும் விளக்க வேண்டியதில்லை. லாட்டன் லிவர்பூலில் வந்து இறங்கி டிராமில் ஏறினால், கண்டக்டர் அடையாளம் கண்டுகொண்டு, நீ ஒருநாளும் டிக்ஸி ஆக முடியாது என்று சொன்னாராம். பதினேழு வயதுப் பையனுக்கு அந்த ஊர் கொடுத்த வரவேற்பு அது. டீனோ தோளில் கை போட்டு, நீ என் இடத்துக்குத்தான் வந்திருக்கிறாய் என்று எனக்குத் தெரியும், என்னால் ஆன உதவியைச் செய்கிறேன் என்றார். பிற்காலத்தில் லாட்டனே சொன்னது இது.

வாய்ப்பேச்சோடு நிற்கவில்லை. பயிற்சியில் பையனைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு, எப்போது எகிறுவது, பந்தை எந்தப் பக்கம் திருப்புவது என்று தன் கைவசம் இருந்ததை எல்லாம் சொல்லிக் கொடுத்தார். ஹெட் அடிப்பதில் லாட்டன் பெரிய பெயர் எடுத்தார். இங்கிலாந்துக்கு 23 ஆட்டத்தில் 22 கோல். கொஞ்ச காலம் இருவரும் ஒரே அணியில் பக்கத்தில் பக்கத்தில் ஆடவும் செய்தார்கள்.

அதனால் டீனுக்கு என்ன கிடைத்தது? ஒன்றும் இல்லை. இதை மறைத்து உனக்குக் கதை சொல்ல மாட்டேன். 1937-ல் அவரை முதல் அணியிலிருந்து இறக்கினார்கள். 1938 மார்ச்சில் மூன்றாம் டிவிஷன் நாட்ஸ் கவுண்டிக்கு விற்றுவிட்டார்கள். 399 லீக் ஆட்டங்களில் 349 கோல் போட்டவர் பெரிய வழியனுப்பு எதுவும் இல்லாமல் கிளம்பினார். அதுகூடப் பரவாயில்லை, தன்னை விற்றதைவிட நிர்வாகம் நடந்துகொண்ட விதம்தான் அவருக்குக் கசந்தது. அடுத்த சீசனில் லாட்டன் அடித்த கோல்களோடு எவர்ட்டன் சாம்பியன் ஆனது. டீன் அப்போது அயர்லாந்தில் ஸ்லைகோ ரோவர்ஸுக்கு ஆடிக்கொண்டிருந்தார். அங்கே கோப்பை இறுதியாட்டத்தில் தோற்றுக் கிடைத்த பதக்கமும் ஓட்டல் அறையில் திருட்டுப் போனது. பல வருஷம் கழித்து அவர் அயர்லாந்து போனபோது யாரோ அதைப் பொட்டலம் கட்டிக் கொண்டுவந்து சேர்த்தார்கள். திருடனுக்கும் மனசு உறுத்தியிருக்கிறது.

பிறகு போர். முடிந்ததும் செஸ்டரில் டப்ளின் பேக்கட் என்ற மதுக்கடையைப் பல வருஷம் நடத்தினார். அதற்கப்புறம் லிட்டில்வுட்ஸ் நிறுவனத்தில் போர்ட்டர். அங்கே நடந்தது கால்பந்து முடிவுகளை வைத்துப் பந்தயம் கட்டும் தொழில். அந்த ஊரின் மிகப் பெரிய கோல்காரர் அங்கே வாசலில் ஒரு வேலையாள். அவர் அதைக் குறைவாக நினைத்ததாகத் தெரியவில்லை, சந்தோஷமாகத்தான் இருந்தார் என்கிறார்கள். குறைவாகப் படுவது எனக்குத்தான். அவருக்குப் பணம் திரட்டித் தர எவர்ட்டன் ஓர் உதவி ஆட்டம் நடத்தியது 1964 ஏப்ரலில், அவர் போய் இருபத்தாறு வருஷம் கழித்து. 1976-ல் இரத்தக் கட்டியால் ஒரு காலை எடுத்துவிட்டார்கள். 1980 மார்ச் 1 அன்று குடிசன் பார்க்கில் எவர்ட்டன், லிவர்பூல் ஆட்டம் பார்த்துக்கொண்டிருக்கும்போதே மாரடைப்பு வந்து, அங்கேயே உயிர் போயிற்று. வயது 73. மைதானத்து வாசலில் அவருக்குச் சிலை வைத்தது 2001-ல். சிலை வைக்க எப்போதும் நேரம் எடுத்துக்கொள்வார்கள்.

லாட்டனையும் ஒரு வார்த்தை சொல்லிவிடுகிறேன். 1947-ல் அவரும் 20,000 பவுண்டுக்கு அதே நாட்ஸ் கவுண்டிக்குத்தான் போனார், அதே மூன்றாம் டிவிஷன். பிரிட்டனில் அன்றைக்கு அதுதான் உச்ச விலை. ஆட்டக்காரர் சம்பளத்துக்கு அப்போதும் உச்சவரம்புதான்.

இப்போது உன் விஷயம். சொல்லிக் கொடுத்தால் நல்லது திரும்பி வரும் என்று நான் சொல்லப் போவதில்லை, டீனுக்கு வரவில்லை. ஆனால் ஒன்று கவனி. அவரை இறக்கியது லாட்டன் இல்லை. அவர் வாயை மூடிக்கொண்டு இருந்திருந்தாலும் 6500 பவுண்டு கொடுத்த நிர்வாகம் அந்தப் பையனை ஆட வைத்தே தீரும். கொஞ்சம் தட்டுத் தடுமாறிக் கற்றுக்கொண்டிருப்பான், அவ்வளவுதான். உன் வார்டில் தட்டுத் தடுமாறினால் கஷ்டப்படப் போவது கட்டிலில் படுத்திருக்கிற நோயாளி. அதனால் அந்தப் பெண்ணுக்குச் சொல்லிக் கொடு, முழுசாகச் சொல்லிக் கொடு. பாதியை ஒளித்து வைக்கிற வேலை உனக்கு வராது, சின்ன வயதிலிருந்தே வராது.

உனக்குச் சேர வேண்டியதைக் கேட்பது வேறு விஷயம். டீனால் கேட்க முடியவில்லை, சட்டதிட்டம் அப்படிக் கட்டி வைத்திருந்தது. உனக்கு அப்படி ஒரு கட்டும் இல்லை. அந்தப் பொறுப்பு எந்த அடிப்படையில், யாருக்கு, எப்போது என்று மேலதிகாரியிடம் எழுத்தில் கேள். பழக்குகிற வேலை எத்தனை மணி நேரம் பிடிக்கிறது என்பதையும் அதிலேயே எழுது, அதுவும் வேலைதான். பதில் சரியில்லை என்றால் யூனியன்காரர்களிடம் பேசு. அப்படியும் ஒன்றும் நடக்காவிட்டால் வேறு ஆஸ்பத்திரிக்கு விண்ணப்பம் போடு. இவ்வளவும் செய்யலாம், அந்தப் பெண் மீது ஒரு துளி கோபமும் இல்லாமல் செய்யலாம். அவள் உன் இடத்தைக் கேட்டு வரவில்லை, அவளை அங்கே நிறுத்தியிருக்கிறார்கள்.

அவள் எந்த ஊர்? வீட்டை விட்டு முதல் தடவை வந்தவளா? குளிர் வேறு ஆரம்பித்துவிட்டது. ஒரு ஞாயிற்றுக்கிழமை வீட்டுக்குக் கூப்பிட்டுச் சோறு போடு. மீன் குழம்பில் மிளகாயைக் குறைத்து, தேங்காயைக் கூட்டி வை. மாப்பிள்ளைக்கும் அதுதான் வயிற்றுக்கு நல்லது.

பேரனுக்கு முத்தம்.

அம்மா